வெட்டத் தெரிந்தவர் இயக்க வரும்போது

வேலூரிலும் காட்பாடியிலும் திருமண வீடியோக்களைத் தொகுத்துக் கை பழகியவர்களில் சிலர், சென்னையில் உதவிப் படத்தொகுப்பாளராகச் சேர்ந்து, பின்னர் தாமே ஒரு படத்தை இயக்கவும் விரும்புகின்றனர். இந்த வழி தமிழ்த் திரையுலகுக்குப் புதிதன்று. கிருஷ்ணன்–பஞ்சு என்ற இயக்குநர் இணையரில் பஞ்சு ஒரு படத்தொகுப்பாளர்; அவர்களிடம் தொகுப்பு உதவியாளராக இருந்த ஏ. பீம்சிங் பெரும் இயக்குநரானார். அவருடைய மகன் பி. லெனின் தொகுப்புக்கும் இயக்கத்துக்கும் தனித்தனியே தேசிய விருது பெற்றவர். ஆயினும் தொகுப்பு மேசையில் கைகொடுத்த பழக்கமே படப்பிடிப்பில் காலை வாரிவிடுவதுண்டு.

அத்தகைய பழக்கங்களுள் முதன்மையானது, சீக்கிரமே 'கட்' சொல்லிவிடுவது. எந்த இடத்தில் வெட்டப் போகிறோம் என்பது முன்பே மனத்தில் ஓடுவதால், வசனம் முடிந்த கணத்திலேயே தொகுப்பாளர் கேமராவை நிறுத்தச் சொல்லிவிடுகிறார். கோட்டை அகழிக் கரையில் தந்தையும் மகனும் பிரியும் காட்சி என்று வைத்துக்கொள்வோம்: மகன் விடைபெற்ற பிறகு தந்தையின் முகத்தில் தோன்றி மறையும் சலனம்தான் காட்சியின் உயிர் என்பது, பல வேளைகளில், எடுத்ததைத் திரும்பப் பார்க்கும்போதுதான் தெரியவரும். அது பதிவாகியிருக்காவிட்டால் எந்த மென்பொருளாலும் அதை வரவழைக்க முடியாது. கணக்கிலும் இது இடிக்கும். விநாடிக்கு 24 பிரேம் ஓடும் படத்தில் இரண்டு ஷாட்டுகள் ஒரு விநாடி ஒன்றோடொன்று கலந்து மாற, வெட்டுப்புள்ளியைத் தாண்டி முதல் ஷாட்டில் 12 பிரேமும், அதற்கு முன்பாக அடுத்த ஷாட்டில் 12 பிரேமும் மிச்சமிருக்க வேண்டும். பிறருடைய படத்தைத் தொகுக்கும்போது இந்த மிச்சம் இல்லையென்று கடிந்துகொள்பவர்களே தம் படப்பிடிப்பில் அதை மறந்துவிடுவது விந்தைதான்.

'மேசையில் பார்த்துக்கொள்ளலாம்' என்ற நம்பிக்கையும் அத்தகையதே. பலவீனமான நடிப்பை வெட்டி மறைக்கலாமே தவிர, நல்ல நடிப்பாக மாற்ற இயலாது. ஒவ்வோர் இடத்திலும் யாரும் பேசாமல் அரை நிமிடம் சுற்றுப்புற ஒலியைப் பதிவு செய்யாமல் வந்துவிட்டால், வசனங்களுக்கு இடையிலான மௌனம் பொத்தல் பொத்தலாகக் கேட்கும்.

தம் படத்தைத் தாமே தொகுப்பது செலவைக் குறைக்கும் என்பது உண்மை. ஆனால் நாள் முழுதும் வெயிலில் நின்று எடுத்த ஷாட்டை, அது தேவையற்றது என்று தெரிந்த பின்னும், எடுத்தவரின் கை எளிதில் நீக்காது. முதல் படத்தையாவது வேறொருவரிடம் கொடுப்பதே நல்லது என்பது என் துணிபு. அதற்கு வழியில்லையெனில், ஷாட்டுகளை முதன்முறையாக வரிசையாகக் கோத்த முதல் கோர்வையைச் சில வாரங்கள் ஒதுக்கி வைத்துவிட்டு, படப்பிடிப்புக்கே வராத ஒருவரை அருகில் அமர்த்திப் பார்க்கலாம்.

இன்னொரு தவறு, இயக்குநராகும் ஆர்வத்தில் தொகுப்பு வேலையை உடனே கைவிடுவது, அல்லது ஒப்புக்கொண்ட வேலையைத் தாமதப்படுத்திச் சொந்தப் படத்தை நடத்துவது. பெயர் கெடுவது பெரும்பாலும் இரண்டாவதால்தான். ஆடியிலும் மார்கழியிலும் முகூர்த்தம் இல்லாததால் திருமண வீடியோ வேலை குறைந்திருக்கும்; சொந்தப் படப்பிடிப்பை அம்மாதங்களுக்கு ஒதுக்கலாம். மார்கழியில் பகல் வெளிச்சம் சற்றுச் சீக்கிரம் மங்கும். ஆனாலும் வேலூரின் சித்திரை வெயிலில் நடிகர்களை நிறுத்துவதைவிட அது எவ்வளவோ மேல்.