உறுப்பு தானத்திற்காக எடை குறைப்பவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

கோலாலம்பூரில், உறவினருக்குச் சிறுநீரகமோ கல்லீரலின் ஒரு பகுதியோ தர முன்வருகிறவர்களுக்கு உணவு ஆலோசனை சொல்வது என் வேலை. இனிப்பைக் குறைக்க வேண்டும், நடக்க வேண்டும் என்பதெல்லாம் எல்லாரும் அறிந்ததே என்பதால் அவற்றை விட்டுவிடுகிறேன். புதிதாக வருகிற குடும்பங்கள், முன்பு வந்தவர்கள் செய்த அதே பிழைகளை மீண்டும் செய்வதைப் பார்த்துச் சலித்துத்தான் இதை எழுதுகிறேன்.

தராசு காட்டும் எண்ணை மட்டும் நம்புவது

கிலோகிராமில் உள்ள எடையை, மீட்டரில் உள்ள உயரத்தின் வர்க்கத்தால் வகுத்தால் கிடைப்பதே உடல் நிறைக் குறியீடு. அது 35ஐத் தாண்டினால் பல மருத்துவமனைகள் சிறுநீரக தானத்தை ஏற்பதில்லை. 30க்கும் 35க்கும் இடையில் இருந்தால் வயது, இரத்த அழுத்தம், சர்க்கரை அளவு, குடும்பத்தில் உள்ள நோய்கள் ஆகிய அனைத்தையும் சேர்த்துப் பார்த்தே முடிவெடுக்கிறார்கள். ஆசியர்களுக்குக் குறைந்த எடையிலேயே நீரிழிவு வந்துவிடுவதால் மலேசியாவில் 27.5இலிருந்தே உடல் பருமன் என்று கணக்கிடுகிறோம். ஆகவே 29 உள்ளவர் கவலையற்று இருந்துவிடவும் கூடாது. 32 உள்ளவர் நம்பிக்கை இழந்து வீடு திரும்பிவிடவும் கூடாது.

பரிசோதனைக்கு முந்திய நாள்களில் பட்டினி கிடப்பது

பயனில்லை. உடலில் நீர் வற்றி, சிறுநீரகம் வடிகட்டி வெளியேற்ற வேண்டிய கழிவான கிரியேட்டினின் இரத்தத்தில் உயர்வதுதான் மிச்சம்.

மெலிய வைக்கும் காப்பியை நம்புவது

இத்தனை ஆண்டுகளுக்குப் பிறகும் எனக்குக் கோபம் வரவழைக்கும் தவறு இதுதான்.

செந்தூலிலிருந்து ஒரு பெண்மணி வந்தார். அவருடைய தம்பி வாரம் மூன்று முறை, ஒவ்வொரு முறையும் நான்கு மணி நேரம், டயாலிசிஸ் செய்துகொண்டிருந்தார். அக்காவின் எடை 86 கிலோ, உயரம் 162 சென்டிமீட்டர். குறியீடு 33ஐ ஒட்டியிருந்தது. ஏழெட்டு கிலோ குறைந்தால் 30க்குக் கீழே வந்துவிடலாம் என்பதால், ஆறு மாதத்திற்கான உணவுத் திட்டம் ஒன்றை எழுதிக் கொடுத்தோம். இரண்டே மாதத்தில் பத்துக் கிலோ குறைந்து வந்து நின்றார். நாடித் துடிப்பு படபடவென்று இருந்தது, இரத்த அழுத்தம் ஏறியிருந்தது, கிரியேட்டினினும் உயர்ந்திருந்தது. என்ன சாப்பிட்டீர்கள் என்று கேட்டபோது கைப்பையிலிருந்து பளபளப்பான காப்பிப் பொட்டலம் ஒன்றை எடுத்து வைத்தார். ‘ஹெர்பா அஸ்லி’, அதாவது அசல் மூலிகை, என்று பெரிதாக அச்சிட்டிருந்தார்கள். ‘மால்’ (MAL) என்று தொடங்கும் சுகாதார அமைச்சின் பதிவு எண்ணும் இல்லை, ஹோலோகிராம் முத்திரையும் இல்லை. "தம்பி கஷ்டப்படுறதப் பாக்க முடியல மேடம், அதான் சீக்கிரமா கொறைக்கலாம்னு குடிச்சேன்" என்றார். அவர்மீது எனக்கு வருத்தமே இல்லை. அதை அவருக்கு விற்றவர்கள்மீதுதான் கோபம்.

இத்தகைய காப்பிகளில் சிபுட்ராமின் என்னும் பசியடக்கும் மருந்து கலந்திருப்பதை நம் சுகாதார அமைச்சு பலமுறை கண்டறிந்து எச்சரித்திருக்கிறது. இதயத்திற்கு ஆபத்து என்பதால் 2010இல் சந்தையிலிருந்து விலக்கப்பட்ட மருந்து அது. மூலிகை என்றாலே தீங்கில்லை என்று நினைப்பவர்கள் பெல்ஜியத்தில் நடந்ததை அறிந்துகொள்ள வேண்டும்: 1990களின் தொடக்கத்தில் பிரஸ்ஸல்ஸ் நகரில் எடை குறைப்பதற்காகக் கொடுக்கப்பட்ட மாத்திரைகளில் அரிஸ்டோலோக்கியா என்னும் மூலிகை கலந்திருந்ததால் நூற்றுக்கும் மேற்பட்டவர்களின் சிறுநீரகங்கள் பழுதடைந்தன, அவர்களில் பலருக்கு டயாலிசிஸோ மாற்றுச் சிறுநீரகமோ தேவைப்பட்டது. தம்பிக்குத் தர வைத்திருக்கும் சிறுநீரகத்தையே இப்படிப் பாழாக்கிக்கொள்ளும் அபாயம் இருக்கிறது.

அந்தப் பெண்மணியின் பரிசோதனைகளைத் தள்ளிவைத்து, எல்லாவற்றையும் தொடக்கத்திலிருந்து செய்ய வேண்டியதாயிற்று. அத்தனை மாதங்களும் தம்பி டயாலிசிஸ் நாற்காலியிலேயே இருந்தார். வாரத்திற்கு அரைக் கிலோ குறைந்தால் போதும். நீங்கள் வாயில் போடும் ஒவ்வொரு பொட்டலத்தையும், புரதப் பொடி உட்பட, முதலில் மருத்துவக் குழுவிடம் காட்டுங்கள்.

கல்லீரலுக்கும் அதே கணக்கு என்று எண்ணுவது

கல்லீரல் தானத்தில் உடல் எடையைவிடக் கல்லீரலில் படிந்த கொழுப்பே முக்கியம். ஒல்லியாக இருப்பவருக்கும் அது இருக்கலாம். பெறுகிறவரின் எடையில் ஏறத்தாழ 0.8 விழுக்காடு எடையுள்ள பகுதியாவது வேண்டும். அதாவது 70 கிலோ எடையுள்ளவருக்கு 560 கிராம். கொடுப்பவரிடமும் முழுக் கல்லீரலில் குறைந்தது 30 விழுக்காடு மிஞ்ச வேண்டும். இதனால் சிறிய உடல்வாகு கொண்ட ஒரு தாய், எந்த நோயும் இல்லாதிருந்தும், பெரிய உடம்புள்ள மகனுக்குத் தர முடியாமல் போகலாம். கொழுப்பைப் பொறுத்தவரை, முறையான உணவுக் கட்டுப்பாட்டினால் சில வாரங்களிலேயே அது குறைந்து, முதலில் மறுக்கப்பட்டவர் பிறகு ஏற்கப்படுவதுண்டு.

கொடுக்க வந்தவரின் உடம்பைக் குடும்பமே குத்திக்காட்டுவது

செய்யாதீர்கள்.

அறுவை சிகிச்சைக்குப் பிறகு எடையை மறந்துவிடுவது

2017இல் வெளியான அமெரிக்க ஆய்வொன்றில், தானம் செய்தபோது உடல் பருமன் இருந்தவர்களுக்குப் பிற்காலத்தில் சிறுநீரகம் செயலிழக்கும் வாய்ப்பு மற்றத் தானம் செய்தவர்களைவிட ஏறக்குறைய இரண்டு மடங்காக இருந்தது. அப்போதும் அது நூற்றில் ஒருவரைத் தாண்டவில்லை என்றாலும், ஒற்றைச் சிறுநீரகத்தோடு வாழ்கிறவர் எடை கூடினால் அதன் சுமையும் கூடுகிறது. முதல் ஆண்டில் ஒழுங்காக வருகிறவர்கள் பிறகு வேலை, பிள்ளைகள் என்று வராமல் நின்றுவிடுகிறார்கள். ஆண்டுக்கு ஒரு முறை எடை, இரத்த அழுத்தம், சிறுநீரில் புரதம், கிரியேட்டினின் ஆகிய நான்கையும் வாழ்நாள் முழுவதும் பார்த்துக்கொள்ள வேண்டும். வீட்டுக்கு அருகிலுள்ள அரசாங்க கிளினிக்கிலேயே இவற்றைச் செய்துகொள்ளலாம்.