காலர் பல்லியை எங்கே, எப்போது போய்ப் பார்ப்பது

காலர் பல்லியைப் பார்க்க வேண்டுமென்றால் தரையைப் பார்த்துக்கொண்டே நடக்காதீர்கள். சுற்றி இருப்பதிலேயே உயரமான, வெயில் நேராக விழுகிற பாறை எதுவோ அதன் உச்சியைப் பாருங்கள், ஆண் பல்லி இருந்தால் பெரும்பாலும் அங்கேதான் உட்கார்ந்திருக்கும். அங்கிருந்துதான் அது இரையையும் தேடும், தன் எல்லைக்குள் வேறு ஆண் நுழைகிறதா என்றும் பார்த்துக்கொண்டிருக்கும்.

அமெரிக்காவில் மிசௌரி, ஆர்கன்சா தொடங்கி ஒக்லஹோமா, டெக்சஸ் வழியாக அரிசோனா வரைக்கும், தெற்கே மெக்சிகோவின் வடபகுதியிலும் இவை உண்டு. முதல்முறை போகிறவர்களுக்கு நான் சொல்வது ஒக்லஹோமாவின் விச்சிட்டா மலை வனவிலங்குக் காப்பகம். எங்கு பார்த்தாலும் கிரானைட் பாறை, நடுவே புல்வெளி, இதற்கு வேண்டிய இடம் அதுதான். டல்லாஸ் பக்கம் இருக்கிற நம்மவர்கள் காலையில் சீக்கிரம் கிளம்பினால் அன்றைக்கே பார்த்துவிட்டுத் திரும்பலாம். 1969இலிருந்து இந்தப் பல்லிதான் ஒக்லஹோமாவின் மாநில ஊர்வன. உள்ளூர்க்காரர்கள் 'மவுண்டன் பூமர்' என்பார்கள், மலையில் கேட்கிற ஏதோ முழக்கத்தை இதன் தலையில் கட்டிவிட்டார்கள், பாவம், அப்படியெல்லாம் முழங்குகிற பிராணியே இல்லை இது.

மே, ஜூன் மாதங்கள் நல்லது. மேகமில்லாத நாளாகப் பார்த்து, பாறை சூடேறத் தொடங்கும் காலை ஒன்பது, பத்து மணிக்குப் போய்விடுங்கள். மத்தியான வெயில் உச்சிக்கு ஏறிவிட்டால் பாறை இடுக்குக்குள் போய்விடும், மூட்டமான நாளில் போனால் வெறுங்கையோடு வரவேண்டியதுதான்.

அடையாளம் கண்டுபிடிப்பது கஷ்டமில்லை. கழுத்தைச் சுற்றி இரண்டு கறுப்புப் பட்டைகள், அதை வைத்துத்தான் பெயரே. நம்ம ஊர் ஓணானைவிடத் தடித்த உடம்பு, உடம்புக்குக் கொஞ்சம் அதிகமோ என்று தோன்றும்படி பெரிய தலை, நீளமான வால். வாலோடு சேர்த்து முப்பது சென்டிமீட்டரைத் தாண்டுவதும் உண்டு. ஆணுக்கு உடம்பு பச்சையோ நீலப்பச்சையோ, அதன்மேல் வெளிர்ப் புள்ளிகள், தொண்டையில் மஞ்சள். பெண் சாம்பலும் பழுப்புமாக இருக்கும், ஆனால் முட்டை சுமக்கிற சமயத்தில் விலாவில் செங்கல் நிறத்தில் ஆரஞ்சுக் கோடுகள் பளிச்சென்று வரும். இளம் ஆண்களுக்கும் அதே மாதிரி கோடுகள் இருக்கும் என்பதால், சின்ன உருவமாக இருந்தால் அவசரப்பட்டுப் பெண் என்று முடிவு கட்டாதீர்கள்.

ஒன்றைப் பார்த்துவிட்டால் அப்படியே நில்லுங்கள், முதலில் பைனாகுலர், அப்புறம்தான் கேமரா. நேராக நடந்து போகாமல் பக்கவாட்டில், குனிந்து, நின்று நின்று போங்கள், உங்கள் நிழல் அதன்மேல் விழவே கூடாது. முன்னங்காலை ஊன்றித் தண்டால் எடுப்பதுபோல ஏறி இறங்கினால் தன் இடம் என்று அறிவிக்கிறது, கொஞ்சம் காத்திருந்தால் பதிலுக்கு இன்னொன்று தலையாட்டுவதையும் பார்க்கலாம். வெட்டுக்கிளி கண்ணில் பட்டால் பாறையிலிருந்து பாய்ந்து போகும், சின்னப் பல்லிகளையும் விடாது. வேகம் பிடித்ததும் முன்னங்கால்கள் தரையைவிட்டு எழும்ப, வாலைத் தூக்கிக்கொண்டு பின்னங்கால் இரண்டில் மட்டும் ஓடும் பாருங்கள், அதற்காகவே போகலாம்.

பிடிக்க முயலாதீர்கள். நன்றாகக் கடிக்கும், அது உங்கள் பாடு, ஆனால் வீட்டுப் பல்லிபோல் இதற்கு அறுந்த வால் திரும்ப வளராது. கல்லைப் புரட்டுவதும் வேண்டாம். அதன் அடியில்தான் ஒளிகிறது, அங்கேதான் முட்டையும் இடும், போதாததற்கு அதே இடுக்கில் கிலுகிலுப்பைப் பாம்பும் இருக்கலாம். காப்பகத்தில் காட்டெருமைகள் சுதந்திரமாகத் திரிகின்றன, அவற்றிடமிருந்தும் தள்ளியே நில்லுங்கள்.

மிசௌரி பக்கம் இருப்பவர்கள் ஓசார்க் மலைகளில் தேடலாம், ஆனால் மரம் மண்டிய இடத்தில் தேடுவது வீண். அங்கே காட்டுத்தீயைப் பல காலம் அணைத்துக்கொண்டே வந்ததால் பாறைத் திட்டுகளைச் சிடார் என்ற ஊசியிலை மரங்கள் மூடி, பல இடங்களில் இந்தப் பல்லியே இல்லாமல் போய்விட்டது. 1980களில் ஆலன் டெம்பிள்டன் என்ற உயிரியலாளர் சில திட்டுகளில் மறுபடி கொண்டுவந்து விட்டார். அவை பிழைத்துக்கொண்டன, ஆனால் நடுவில் இருந்த அடர்காட்டைத் தாண்டி அடுத்த திட்டுக்குப் போகவில்லை. 1994இல் காட்டின் அடித்தளத்தைத் திட்டமிட்டு எரிக்கத் தொடங்கிய பிறகுதான் பரவின. அதனால் அண்மையில் தீ வைத்துச் சுத்தம் செய்த, மேலே வெளிச்சம் விழுகிற பாறைத் திட்டாகப் பார்த்துப் போங்கள். கோடை முடிந்து போனாலும் நஷ்டமில்லை, பெரியவை குளிருக்குப் பதுங்கிவிட்ட பிறகும் அந்த வருடத்துக் குஞ்சுகள் கொஞ்ச நாள் வெயில் காய வெளியே வரும்.