பேட்ச்வொர்க்: துண்டை எடுக்கும் முன் ஒரு சின்னக் கணக்கு

எங்கள் கன்னியாகுமரி மாவட்டத்தில் இரண்டு பருவமழையும் பெய்யும். மழை பிடித்துக்கொண்டால் நாகர்கோவில் வீட்டில் நாங்கள் எடுப்பது பேட்ச்வொர்க். ஊவே ரோசன்பெர்க் உருவாக்கி 2014இல் வெளிவந்த, இருவர் ஆடும் அருமையான பலகை ஆட்டம். 9க்கு 9 கட்டப் பலகையைத் துணித்துண்டுகளால் நிரப்ப வேண்டும். பட்டன்தான் காசு.

புதிதாக ஆடுபவர்கள் விலை குறைந்த துண்டையே எடுப்பார்கள். அது போதாது. முடிவில் காலியாகக் கிடக்கும் ஒவ்வொரு கட்டத்துக்கும் 2 புள்ளி போய்விடும். அதனால் துண்டில் உள்ள கட்டங்களை 2ஆல் பெருக்குங்கள். அப்புறம் அதில் வரைந்துள்ள பட்டன்களை, நேரப் பாதையில் நீங்கள் இன்னும் கடக்காத வருமான இடங்களால் (கடக்கும்போது உங்கள் துண்டுகளிலுள்ள பட்டன்களுக்கு ஏற்ப காசு கிடைக்கும் இடங்கள்; தொடக்கத்தில் 9) பெருக்கிக் கூட்டுங்கள். விலையைக் கழித்து, அது கேட்கும் நேரத்தால் (அதை வாங்கினால் நேரப் பாதையில் நகர வேண்டிய கட்டங்களால்) வகுங்கள்.

உதாரணத்துக்கு, 5 கட்டம், 1 பட்டன், விலை 3, நேரம் 2 என்று ஒரு துண்டு. வருமானம் இன்னும் 6 முறை உண்டு என்றால் 10 + 6 − 3 = 13; ஒரு நேரக் கட்டத்துக்கு 6.5. இன்னொன்று 6 கட்டம், 2 பட்டன், விலை 7, நேரம் 4. அது 12 + 12 − 7 = 17, ஒரு நேரக் கட்டத்துக்கு 4.25தான். பெரிய துண்டு கண்ணை இழுக்கும், ஆனால் முதலாவதை எடுங்கள்.

பட்டன் நிறைந்த துண்டுகளை ஆரம்பத்திலேயே வாங்கிவிடுங்கள், கடைசியில் அவற்றுக்கு மதிப்பில்லை. 7க்கு 7 சதுரத்தை முதலில் நிரப்புபவருக்கு 7 புள்ளி.

கிறிஸ்துமஸ், ஹாலோவீன் பதிப்புகளில் படங்கள்தான் வேறு, இதே கணக்கு செல்லும். டிசம்பரில் பரிசு தேடுபவர்களுக்குக் கிறிஸ்துமஸ் பதிப்பைச் சொல்வேன். பட்டன் தொலைந்தால் புளியங்கொட்டை போதும்.