ஆப்பிள் ஏறி மேலே போவது எப்படி? காக்னி ரைமிங் ஸ்லாங்கை அவிழ்க்கும் வழி

லண்டன்காரர் ஒருவர் கையில் இருப்பதைக் காட்டி "ஹேவ் எ புட்சர்ஸ் அட் திஸ்" என்றால், கசாப்புக் கடைக்கும் அதற்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. இதைக் கொஞ்சம் பாருங்கள் என்கிறார், அவ்வளவுதான். ஓசை இயைபை வைத்துச் சொல்லை ஒளித்துப் பேசும் இந்தக் கொச்சைப் பேச்சுதான் ரைமிங் ஸ்லாங். இந்த மாதிரிச் சொற்களுக்கு இணையத்தில் நீள நீளமாகப் பட்டியல்கள் கிடைக்கின்றன. அவற்றை மனப்பாடம் செய்ய உட்காராதீர்கள், அவற்றில் பலவற்றை இன்று லண்டனிலேயே யாரும் பேசுவதில்லை. அவிழ்க்கும் முறையைப் பிடித்துக்கொண்டால் போதும்.

படி 1: யார் பேச்சு இது?

காக்னி என்பது கிழக்கு லண்டனின் உழைக்கும் மக்களுடைய பேச்சு. லண்டனின் சீப்சைடு தெருவில் இருக்கும் செயின்ட் மேரி-லெ-போ தேவாலயத்தின் மணியோசை காதில் விழும் தூரத்தில் பிறந்தவர்தான் அசல் காக்னி என்பது பழைய கணக்கு. ஜான் கேம்டன் ஹாட்டன் 1859இல் வெளியிட்ட கொச்சைச் சொல் அகராதியிலேயே ரைமிங் ஸ்லாங்குக்குத் தனி இடம் உண்டு. அப்போது தெருவில் கூவி விற்றவர்களின் வாயில் புழங்கியது.

படி 2: முடிச்சு எப்படி விழுகிறது?

சொல்ல வந்த சொல் 'லுக்'. அதோடு இயைபு சேர்கிற ஒரு தொடரைப் பிடிக்கிறார்கள்: 'புட்சர்ஸ் ஹுக்', அதாவது கசாப்புக்காரரின் கொக்கி. லுக், ஹுக், ஓசை பொருந்திவிட்டது. அப்புறம்தான் வேடிக்கை. ஓசை பொருந்துகிற அந்த 'ஹுக்'கையே வெட்டி எறிந்துவிட்டு 'புட்சர்ஸ்' என்று மட்டும் சொல்கிறார்கள். துப்பு எதில் இருந்ததோ அதுவே காணாமல் போய்விடுவதால்தான் வெளியாள் விழிக்கிறார். 'சைனா' என்றால் நண்பர் (சைனா பிளேட், மேட்), 'பார்னெட்' என்றால் தலைமுடி (பார்னெட் ஃபேர், ஹேர்), 'விசில்' என்றால் கோட்டு சூட்டு (விசில் அண்ட் ஃப்ளூட், சூட்), எல்லாம் இதே வகைதான்.

படி 3: பின்னாலிருந்து அவிழ்ப்பது

"யூஸ் யோர் லோஃப்" என்று ஒருவர் உங்களிடம் எரிந்து விழுகிறார் என்று வைத்துக்கொள்வோம்.

முதலில், அந்தச் சொல் வாக்கியத்தில் எந்த இடத்தில் நிற்கிறது என்று பாருங்கள். 'உன்னுடைய ஏதோ ஒன்றைப் பயன்படுத்து' என்கிறார், ஆக அது உங்களிடம் இருக்கிற ஒரு பொருள். அடுத்து, வெட்டிப்போட்ட பாதியை ஒட்டுங்கள். லோஃப் என்றால் ஆங்கிலக்காரருக்கு உடனே நினைவுக்கு வருவது 'லோஃப் ஆஃப் பிரெட்'. கடைசியாக, பிரெட்டோடு ஓசை சேர்கிற, உங்களிடம் இருக்கிற பொருள் எது? ஹெட். தலையில் மூளை இருந்தால் பயன்படுத்து என்று திட்டு வாங்கியிருக்கிறீர்கள்.

இடையில் 'அண்ட்' அல்லது 'ஆஃப்' போட்டுப் பார்த்தாலே பாதி முடிச்சு அவிழ்ந்துவிடும்.

படி 4: வெட்டாமல் விட்டவை

சில தொடர்களை முழுசாகத்தான் சொல்வார்கள். 'டாக் அண்ட் போன்' என்றால் ஃபோன். 'டீ லீஃப்' என்றால் திருடன், அதாவது தீஃப். "வுட் யூ ஆடம் அண்ட் ஈவ் இட்?" என்றால் நம்ப முடிகிறதா என்று கேட்கிறார்கள், ஈவ் என்பது பிலீவோடு சேர்கிறது. மாடிப்படிக்கான 'ஆப்பிள்ஸ் அண்ட் பேர்ஸ்' ஊரறிந்த உதாரணம் (பேர்ஸ், ஸ்டேர்ஸ்), அதை மட்டும் முழுசாகவும் சொல்வார்கள், "அப் தி ஆப்பிள்ஸ்" என்று சுருக்கியும் சொல்வார்கள்.

படி 5: அவர்கள் வாயால் சொல்லிப் பாருங்கள்

ஓசை பொருந்தவில்லை என்று தோன்றினால், நாம் பள்ளிக்கூடத்தில் படித்த உச்சரிப்பில் சொல்லிப் பார்க்கிறோம் என்று அர்த்தம். 'ஹேங்க் மார்வின்' என்றால் அகோரப் பசி. தி ஷேடோஸ் இசைக்குழுவின் கிதார் கலைஞர் பெயர் அது. மார்வினும் ஸ்டார்விங்கும் எங்கே சேர்கின்றன? காக்னிக்காரர் கடைசி ஒலியை விழுங்கி 'ஸ்டார்வின்' என்பார், சேர்ந்துவிட்டது.

படி 6: ஆள் பெயர்கள்

எனக்கு ரொம்பப் பிடித்த பகுதி இது. 'ஃபேன்சி எ ரூபி?' என்று கேட்டால் இந்தியக் குழம்பான 'கரி' சாப்பிடப் போகலாமா என்று அர்த்தம் (ரூபி மரி, கரி). ரூபி மரி பெல்ஃபாஸ்டில் பிறந்த பாடகி, 1955இல் ஒரே வாரத்தில் ஐந்து பாட்டுகள் பிரிட்டிஷ் டாப் 20 பட்டியலில் இருந்த அளவுக்குப் புகழ் பெற்றவர். பாட்டை மறந்தவர்களும் பெயரை விடவில்லை, நம்மூர்க் 'கரி' அவர் பெயரில் போய் உட்கார்ந்துகொண்டது. 'ஆன் மை டாட்' என்றால் தனியாக. டாட் ஸ்லோன் என்ற அமெரிக்கக் குதிரைப் பந்தய வீரரின் பெயரில் இருக்கும் ஸ்லோன், 'அலோன்' ஆகிறது. கார் பந்தயத்தின் அயர்டன் சென்னா பத்துப் பவுண்டு நோட்டாகிவிட்டார் (சென்னா, டென்னர்). டிஜே பீட் டாங்குக்கு வாய்த்ததுதான் பாவம், "இட்ஸ் ஆல் கான் பீட் டாங்" என்றால் எல்லாம் சொதப்பிவிட்டது, டாங் என்பது ராங்.

படி 7: பார்க்கத்தான் சாது

'காப்ளர்ஸ்' என்றால் சுத்த உளறல். செருப்புத் தைக்கும் ஊசியில் தொடங்கி ஆணின் அந்தரங்க உறுப்பில் போய் முடிகிற தொடர் அது (காப்ளர்ஸ் ஆல்ஸ், பால்ஸ்). முட்டாள் என்ற பொருளில் வரும் 'பெர்க்' அதைவிட மோசமான இடத்தில் பிறந்தது, ஆனால் இன்று பிரிட்டனில் லேசான திட்டாகவே எடுத்துக்கொள்கிறார்கள். கேட்டால் புரிந்துகொள்ளுங்கள், நேர்முகத் தேர்விலோ அலுவலக மின்னஞ்சலிலோ எடுத்து விடாதீர்கள். வெளிநாட்டுக்காரர் பேசினால் கொஞ்சம் நாடகமாகத்தான் தெரியும்.

படி 8: எல்லாமே ரைம் இல்லை

'மங்கி' என்றால் 500 பவுண்டு, 'போனி' என்றால் 25, இவற்றில் இயைபைத் தேடி மண்டையை உடைக்க வேண்டாம். 'நேக்கர்ட்' என்றால் அடித்துப்போட்ட மாதிரிக் களைப்பு, 'கட்டட்' என்றால் மனசு உடைந்துபோனது, 'சஃப்ட்' என்றால் பயங்கர சந்தோஷம். இவற்றுக்கெல்லாம் அகராதி போதும்.

பயிற்சி

"மை சைனாஸ் ஆன் இஸ் டாட், நோ பிரெட், அண்ட் ஹி இஸ் டெல்லிங் போர்க்கீஸ்."

விடை: என் நண்பன் தனியாக இருக்கிறான், கையில் காசில்லை (பிரெட் அண்ட் ஹனி, மணி), அதோடு பொய்யும் சொல்கிறான் (போர்க்கி பைஸ், லைஸ்).

இது சுலபமாக வந்துவிட்டதா? சரி, 'ஆரிஸ்' என்றால் என்ன? அரிஸ்டாட்டில் என்று நீட்டினால் பாட்டில் வரும், ஆனால் அங்கே நின்றுவிடக் கூடாது. பாட்டிலை 'பாட்டில் அண்ட் கிளாஸ்' என்று நீட்டி, காக்னி உச்சரிப்பில் 'கிளாஸ்' என்று இழுத்தால் 'ஆர்ஸ்' கிடைக்கும். கிரேக்க ஞானியில் தொடங்கி இரண்டு தாவலில் பின்புறத்துக்கு வந்து சேர்ந்துவிட்டோம்.