இறால் ஆட்டுக்கறி இல்லை: வெண்டைக்காய் இறால் குழம்பில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

எங்கள் வீட்டு மாடியில் மூன்று பையன்கள் வாடகைக்கு இருக்கிறார்கள். ராணிப்பேட்டை சிப்காட்டில் வேலை. ஆறு நாள் கேன்டீன் சாப்பாடு, ஞாயிற்றுக்கிழமை மட்டும் சொந்தச் சமையல். போன ஞாயிறு மதியம் மூத்தவன் ஒரு கிண்ணத்தோடு இறங்கி வந்தான்.

“அக்கா, இது வெந்துடுச்சா இல்லையான்னு கொஞ்சம் பாருங்களேன்.”

வெண்டைக்காய் போட்ட இறால் குழம்பு. வாசனை நன்றாகத்தான் இருந்தது. ஓர் இறாலை எடுத்து வாயில் போட்டேன். சைக்கிள் டியூப்.

“எவ்வளவு நேரமா கொதிக்குது தம்பி?”

“முக்கால் மணி நேரம்க்கா. இன்னும் கெட்டியாவே இருக்கு. இன்னொரு பத்து நிமிஷம் வைக்கவா?”

இதே கேள்வியைக் கல்யாணமான புதிதில் நானும் கேட்டிருக்கிறேன். அதனால் அவனைத் திட்ட வாய் வரவில்லை. அங்கே திட்டாமல் விட்டதை இங்கே எழுதித் தீர்த்துக்கொள்கிறேன்.

உப்பு குறைவது, காரம் தூக்கலாவது, முதுகில் ஓடும் கறுப்புக் குடலை எடுக்க மறப்பது, இதையெல்லாம் சொல்லப் போவதில்லை. ஒருமுறை செய்தால் நாக்கே பாடம் நடத்திவிடும். தவறு என்றே தெரியாமல் வருடக்கணக்கில் செய்துகொண்டிருப்பவைதான் எனக்கு ஆகாதவை.

அளவு தெரியாமல் படிக்க வேண்டாம் என்பதால்: நாலு பேருக்குத் தலையோடு அரைக் கிலோ இறால், கால் கிலோ வெண்டைக்காய், ஒரு கை நிறைய சின்ன வெங்காயம், இரண்டு தக்காளி, சின்ன எலுமிச்சை அளவு புளி, இரண்டு ஸ்பூன் குழம்பு மிளகாய்த்தூள், நல்லெண்ணெய், பூண்டு, தாளிக்க வெந்தயம், கறிவேப்பிலை. அவ்வளவுதான் சாமான்.

ஐஸ் இல்லாமல் வாங்கப் போவது

தண்ணீர் இல்லாத ஆறு, ராஜா இல்லாத கோட்டை, சாமி இல்லாத கோயில் என்று வேலூரைக் கேலி பேசுவார்கள். சாமி 1981-இல் கோட்டைக் கோயிலுக்குத் திரும்பிவிட்டார். பாலாற்றிலும் ஏதாவது ஒரு மழைக்குத் தண்ணீர் வந்துவிடுகிறது. கடல் மட்டும் வரப்போவதில்லை. சென்னைக் கரையே இங்கிருந்து சுமார் 140 கிலோமீட்டர். நமக்குக் கிடைக்கும் இறால் வண்டியேறி, ஐஸில் படுத்து வந்த இறால். அதை மே மாத வெயிலில் பிளாஸ்டிக் பையில் வண்டி ஹேண்டிலில் மாட்டிக்கொண்டு, நேதாஜி மார்க்கெட்டில் காய் வாங்கி, வழியில் ஒரு ஜூஸ் குடித்துவிட்டு வீட்டுக்கு வந்தால், பாதி வழியிலேயே அது வேறு பொருளாகிவிடும். காயை முதலில் வாங்குங்கள், இறாலைக் கடைசியில். கடைக்காரரிடம் கேட்டால் ஒரு பிடி ஐஸ் போட்டுத் தருவார், கேட்பதில்தான் நமக்கு வெட்கம்.

தலை கொஞ்சம் கறுத்திருந்தால் உடனே கெட்டுப்போனது என்று ஒதுக்கவும் வேண்டாம். வெட்டி வைத்த வாழைக்காய் கறுப்பதுபோல அதுவும் ஒரு கறுப்பு. மூக்கை நம்புங்கள். மூக்கில் ஏறும் காட்டமான வாடை அடித்தால் எவ்வளவு மலிவாகக் கொடுத்தாலும் வேண்டாம்.

நறுக்கிய பிறகு வெண்டைக்காயைக் கழுவுவது

கூடாது. முழுக் காயாகக் கழுவி, துணியில் துடைத்து, ஈரம் போன பிறகு கத்தியை எடுங்கள்.

வழவழப்பைக் கண்டு பயப்படுவது

வெண்டைக்காய்க்குள் இருக்கும் பசை தண்ணீர் பட்டால் ஊறிப் பெருகும், சூடும் எண்ணெயும் பட்டால் வற்றும், புளிப்பு பட்டால் அடங்கும். இந்த மூன்றும் தெரிந்தால் போதும். விரல் கணு நீளத்துக்கு நறுக்கி, அகலமான சட்டியில் எண்ணெய் விட்டு, மூடி போடாமல், உப்புப் போடாமல், 8 முதல் 10 நிமிடம் வதக்குங்கள். உப்பு முன்பே விழுந்தால் காய் தண்ணீர் விடும், நூல் நூலாக இழுக்கும். ஓரம் லேசாகச் சிவந்து, கரண்டியில் நூல் வராமல் இருந்தால் எடுத்துத் தனியே வையுங்கள்.

அரைகுறையாக வதக்கி, மிச்சம் குழம்பில் வெந்துகொள்ளும் என்று விடுபவர்கள் உண்டு. வேகாது. புளியில் விழுந்த காய் சீக்கிரம் இளகாது, நார்நாராக நிற்கும். முக்கால் பதம் வதக்கலிலேயே முடிந்துவிட வேண்டும்.

இந்த வழவழப்பை வேண்டுமென்றே தேடுகிற ஊர்களும் இருக்கின்றன. அமெரிக்காவில் லூசியானா பக்கம் ‘கம்போ’ என்று ஒரு குழம்பு வைக்கிறார்கள். அதிலும் இறாலும் வெண்டைக்காயும் சேர்வதுண்டு. காயின் பசைதான் குழம்பைக் கெட்டியாக்கும். அந்தப் பெயரே ஆப்பிரிக்க மொழிகளில் வெண்டைக்காயைச் சொல்லும் வார்த்தையிலிருந்து வந்ததுதான். அடிமைகளாகக் கொண்டுபோகப்பட்டவர்களோடு காயும் பேரும் கடல் தாண்டியிருக்கின்றன. சரி, அது அவர்கள் ருசி. களிக்கும் சோற்றுக்கும் நாம் ஊற்றுகிற குழம்பு இழுக்கக்கூடாது.

இரும்புச் சட்டி

வெண்டைக்காய் கறுக்கும். புளியும் சேர்ந்தால் இன்னும் மோசம். வேறு சட்டி எடுங்கள்.

இறாலை ஆரம்பத்திலேயே போட்டுக் கொதிக்கவிடுவது

இப்போது என் கோபத்துக்கு வருகிறேன்.

நான் பிறந்தது அணைக்கட்டுப் பக்கம். சின்ன வயதில் பச்சை இறாலை நான் பார்த்ததே இல்லை. அப்பா செவ்வாய்க்கிழமை பொய்கைச் சந்தைக்குப் போனால் திரும்பும்போது கருவாடும், காகிதத்தில் மடித்த காய்ந்த இறாலும் கொண்டுவருவார். அம்மா அதை வெறும் சட்டியில் வறுத்து, தலையும் காலும் உதிரத் தேய்த்து, சுடுதண்ணீரில் ஊறவைத்து, வெண்டைக்காயோ முள்ளுக் கத்தரிக்காயோ போட்டுக் கொதிக்கவிடுவாள். காய்ந்த இறால் எவ்வளவு கொதித்தாலும் தாங்கும். கொதிக்கக் கொதிக்கத்தான் அதன் சாரம் குழம்பில் இறங்கும். கறி எடுத்தாலும் அதே கதை, நேரம் ஆக ஆக ருசி. அசைவம் என்றால் நன்றாகக் கொதிக்க வேண்டும் என்பது கடலில்லாத ஊரில் வளர்ந்த எங்கள் கைக்குள் ஏறிப்போன பாடம்.

கல்யாணமாகி மூன்றாவது மாதம் ராயபுரத்திலிருந்து என் வீட்டுக்காரரின் அண்ணன் வந்தார். அவருக்காக ஒரு கிலோ நல்ல வெள்ளை இறால் வாங்கினோம். அந்த மாதப் பால் கணக்கைவிட அதன் விலை அதிகம். நான் அதைக் குக்கரில் போட்டேன். மூன்று விசில். திறந்து பார்த்தால், கட்டைவிரல் மாதிரி இருந்த இறால் கடலை உருண்டை அளவுக்குச் சுருங்கிக் கிடக்கிறது. கடித்தால் கெட்டி. வேகவில்லை போலிருக்கிறது என்று மறுபடியும் இரண்டு விசில். மச்சாண்டார் ஒரு வார்த்தை சொல்லவில்லை. இரண்டு இறாலை மென்றார், மென்றுகொண்டே இருந்தார், அப்புறம் “ரசம் இருக்குதாம்மா?” என்று கேட்டார். இன்றைக்கும் அவர் வந்தால் நான் முதலில் ரசம்தான் வைக்கிறேன்.

நம்மை ஏமாற்றுவது அந்தக் கெட்டிதான். காயாக இருந்தாலும் கறியாக இருந்தாலும், கெட்டியாக இருந்தால் வேகவில்லை என்றுதான் நமக்குத் தெரியும். இறாலில் அது தலைகீழ். வெந்து முடிந்து, அதற்குமேலும் வெந்ததால் வந்த கெட்டி அது. அதைப் பார்த்து இன்னும் கொதிக்கவிட்டால் இன்னும் கெட்டியாகும். அதைப் பார்த்து மறுபடியும். மாடிப் பையன் முக்கால் மணி நேரம் ஓட்டியது இப்படித்தான்.

ஆட்டுக்கறியில் தசையைக் கட்டிப் பிடித்திருக்கும் சவ்வு நிறைய. அது நீண்ட நேரம் கொதித்தால்தான் இளகிக் குழையும், அதனால்தான் கறி மெத்தென்று ஆகிறது. இறாலில் இளகுவதற்கு அப்படிப்பட்ட சவ்வு மிகக் குறைவு. சூடு 60 டிகிரியைத் தாண்டிப் போகப் போக அதன் தசை இறுகி, தன்னிடம் இருக்கும் நீரைத் தானே பிழிந்து வெளியே விட்டுவிடும். குழம்பு கொதிப்பதோ 100 டிகிரியில். குழம்பு திடீரென்று நீர்த்துப்போனதே என்று மிளகாய்த்தூளைக் கூட்டுகிறவர்கள், அந்தத் தண்ணீர் எங்கிருந்து வந்தது என்று ஒரு நிமிடம் யோசிக்கலாம். காசு கொடுத்து வாங்கிய இறாலின் எடை அது.

எனக்கு இதைத் திருத்தியவர் ஒரு வங்காளத்துப் பெண்மணி. அப்போது நாங்கள் தோட்டப்பாளையத்தில் குடியிருந்தோம். பக்கத்தில் ஒரு லாட்ஜ். சி.எம்.சி.க்கு வைத்தியத்துக்கு வருகிறவர்கள் மாதக்கணக்கில் தங்கி, அறையிலேயே சமைத்துக்கொள்வார்கள். அவருக்குத் தமிழில் பத்து வார்த்தை தெரியும், எனக்கு அவர் மொழியில் ஒன்றும் தெரியாது. அவரும் வெண்டைக்காயும் இறாலும்தான் செய்துகொண்டிருந்தார், கடுகெண்ணெயில். மஞ்சளும் உப்பும் தடவிய இறாலை எண்ணெயில் போட்டு, ஒரு புரட்டு, மறு புரட்டு, உடனே தட்டில் எடுத்துவிட்டார். நான் பதறிப்போய் “வேகலை, வேகலை” என்று கையை ஆட்டினேன். அவர் சிரித்துக்கொண்டே வெண்டைக்காயை வதக்கி, மசாலாவைக் கொதிக்கவிட்டு, எல்லாம் முடிந்த பிறகு கடைசியில் இறாலைத் திரும்பப் போட்டு அடுப்பை அணைத்தார். ஒன்றை எடுத்து என் கையில் வைத்தார். பல் பட்டதும் ‘நறுக்’ என்றது. இத்தனை வருடம் தின்றது வேறு ஏதோ என்று அன்றைக்குத் தெரிந்தது.

ஆகவே வரிசை இதுதான். வெண்டைக்காய் முதலில் வதங்கித் தனியே போகட்டும். அதே சட்டியில் தாளிப்பு, வெங்காயம், பூண்டு, தக்காளி. அப்புறம் தூளும் புளியும். பச்சை வாசனை போய், எண்ணெய் மேலே மிதக்கும்வரை 12 அல்லது 15 நிமிடம் குழம்பைத் தனியாகக் கொதிக்கவிடுங்கள். பிறகு வெண்டைக்காய், 3 நிமிடம். உப்பு, காரம், புளிப்பு எல்லாவற்றையும் இப்போதே சரிபார்த்து முடித்துவிடுங்கள். இறால் விழுந்த பிறகு திருத்தம் செய்ய நேரம் கிடையாது. கடைசியாகத்தான் இறால். சின்னது என்றால் 2 நிமிடம், பெரியது என்றால் 4.

கடிகாரத்தைவிடக் கண் நம்பகமானது. கண்ணாடிபோல் இருக்கும் சதை வெளுத்து, மேலே செம்மை ஏறி, உடம்பு பிறைபோல் வளைந்தால் வெந்தது. தலையும் வாலும் தொட்டு மோதிரம்போல் சுருண்டால் கைவிட்டுப்போனது. ஒன்றை நடுவில் கிள்ளிப் பாருங்கள், உள்ளே கண்ணாடி நிறம் இல்லாமல் வெள்ளையாக இருந்தால் பயம் வேண்டாம்.

மண்சட்டி வைத்திருப்பவர்களுக்கு இன்னொரு எச்சரிக்கை. அடுப்பை அணைத்த பிறகும் மண்சட்டி சில நிமிடம் கொதித்துக்கொண்டேதான் இருக்கும். அந்தக் கொதியிலும் இறால் வேகும். பிறை வருவதற்குக் கொஞ்சம் முன்னாலேயே அணைத்துவிடுங்கள். இதைச் சொன்னால் “அணைச்சிட்டேனே அக்கா” என்பார்கள். அடுப்பை அணைத்தாய், சட்டியை அணைத்தாயா?

தலையைக் கடையிலேயே விட்டுவிட்டு வருவது

“அப்படின்னா குழம்புல இறால் ருசி எப்படி இறங்கும்?” என்று மாடிப் பையன் கேட்டான். நியாயமான கேள்வி. சாரம் சதையைவிடத் தலையிலும் ஓட்டிலும்தான் அதிகம். அதைத்தான் சுத்தம் செய்து தருகிறவரிடம் கழித்துவிட்டு வருகிறோம். தலையும் ஓடும் போனால் எடை ஏறக்குறைய பாதியாகிவிடும். காசு கொடுத்ததில் பாதியைக் கூடையில் கொட்டிவிட்டு, மீதிப் பாதியைக் கொதிக்கவைத்து ருசி தேடுவானேன்?

தலையையும் ஓட்டையும் தனிப் பையில் கேட்டு வாங்குங்கள். கண்ணையும் கூரான கொம்பையும் கிள்ளி எறிந்து, அலசி, ஒரு ஸ்பூன் எண்ணெயில் சிவக்க வதக்கி, இரண்டு டம்ளர் தண்ணீர் ஊற்றி 15 நிமிடம் கொதிக்கவிடுங்கள். வடிகட்டி, அந்தத் தண்ணீரில் புளியைக் கரையுங்கள். அடுப்பில் ஆரஞ்சு நிற எண்ணெய் மிதக்கும்போது தெரு முனைவரை வாசனை போகும். இப்போது மார்க்கெட்டில் பெரும்பாலும் வனாமி இறால்தான். 2009-க்குப் பிறகு நம் நாட்டில் பண்ணைகளில் வளர்க்கத் தொடங்கிய வகை அது. சதை நன்றாக இருந்தாலும் கடல் இறாலின் மணம் கொஞ்சம் குறைவு என்பது என் நாக்கின் தீர்ப்பு. அதற்கும் இந்தத் தலைத் தண்ணீர்தான் மருந்து.

உறைந்த பாக்கெட்டை அப்படியே கொட்டுவது

கட்டி கரையட்டும், தண்ணீர் வடியட்டும், துடையுங்கள்.

தேங்காய்ப் பால்

எங்கள் பக்கம் கிடையாது. ஊற்றினால் அது வேறு குழம்பு.

மறுநாள் கொதிக்கவைப்பது

மீன் குழம்பு மறுநாள்தான் ருசி என்று கேட்டு வளர்ந்தவர்கள் நாம். இதிலும் குழம்பும் வெண்டைக்காயும் மறுநாள் இன்னும் நன்றாக ஊறியிருக்கும், அது உண்மை. ஆனால் காலையில் சட்டியை அப்படியே தூக்கி அடுப்பில் வைத்துத் தளதளவென்று கொதிக்கவிட்டால், முந்தைய நாள் பார்த்துப் பார்த்துக் காப்பாற்றிய இறால் அத்தனையும் சைக்கிள் டியூப். ஃப்ரிட்ஜில் வைக்கும்போதே இறாலைப் பொறுக்கித் தனிக் கிண்ணத்தில் வையுங்கள். குழம்பு மட்டும் நன்றாகக் கொதிக்கட்டும், அணைப்பதற்கு ஒரு நிமிடம் முன்னால் இறாலைப் போட்டு, அதுவும் உள்வரை சூடானதும் இறக்குங்கள்.

எங்கள் வீட்டில் இந்தத் தொல்லை இல்லை. காலையில் கேழ்வரகுக் களி கிண்டிவிட்டு ஃப்ரிட்ஜைத் திறந்தால் குழம்பு இருக்கும், வெண்டைக்காய் இருக்கும். இறால் கிண்ணம் கழுவிக் கவிழ்த்து வைக்கப்பட்டிருக்கும். யார் என்று கேட்டால் எங்கள் வீட்டு ஆட்கள் மூன்று பேரும் மாடியைக் காட்டுகிறார்கள்.