நெட்டில் முள் அல்ல: தமிழாக்கத்தில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஊட்டியிலும் கொடைக்கானலிலும் ஆங்கிலக் கதைகளைத் தமிழாக்கிப் பழகும் பிள்ளைகள் 'நெட்டில்' என்ற சொல்லில் தவறாமல் இடறுகிறார்கள். பெயர்ச்சொல்லாக வந்தால் அது ஒரு செடி. வினையாக வந்தால் ஒருவரைச் சீண்டி எரிச்சலூட்டுவது. எழுத்துப்பிழையும் காலப்பிழையும் மறுவாசிப்பில் தாமாகவே கண்ணில் பட்டுவிடும். இங்கே சொல்லப்போவது அப்படிப் படாதவற்றை.

செடியை முள்ளாக்குவது

பெரிய சேதம் இதில்தான். 'ஷீ வாஸ் நெட்டில்டு பை ஹிஸ் ரிமார்க்' என்றிருக்கும். 'அவன் சொல் அவள் நெஞ்சில் முள்ளாய்த் தைத்தது' என்று எழுதிக்கொண்டு வருவார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் பொருள் போய்விட்டது. தமிழில் நெஞ்சில் முள் தைத்தால் அது வேதனை, நாள்பட்ட உறுத்தல். நெட்டில்டு ஆனவள் நொந்துபோகவில்லை. அவளுக்குச் சுருக்கென்று கோபம் வருகிறது. அடுத்த வரியிலேயே வெடுக்கென்று ஏதாவது சொல்வாள். அழ வேண்டியவள் ஏன் சீறுகிறாள் என்று தமிழில் படிப்பவர் விழிப்பார். அதைச் சரிக்கட்ட மொழிபெயர்ப்பவர் அடுத்த வசனத்தையும் மென்மையாக்குவார், அதற்கடுத்ததையும். கடைசியில் ரோஷக்காரி ஒருத்தி அழுமூஞ்சியாகி நிற்பாள். இத்தனைக்கும் காரணம் ஒரே ஒரு சொல்.

செடியை ஒருமுறை கிட்டத்தில் பார்த்தவருக்கு இந்தக் குழப்பம் வராது. சோலைக்காட்டு ஓரத்தில், ஈரமும் நிழலும் உள்ள இடத்தில் வளர்வது ஜிரார்டினியா என்னும் நீலகிரி நெட்டில். தண்டிலும் இலையிலும் நீளநீளமாக விறைத்த மயிர்கள். ஒவ்வொன்றும் உள்ளே துளையுள்ள நுண்ணிய ஊசி. உரசியவுடன் நொறுங்கும் நுனி ஒடிந்து, மயிர் தோலில் இறங்கி, எரிச்சலூட்டும் நீரை உள்ளே விட்டுவிடும். முள் என்றால் பிடுங்கிப் போடலாம். இதில் விரலால் பிடுங்க ஒன்றும் அகப்படாது, எரிச்சல்தான் மிச்சம்.

சுற்றுலா வந்தவரிடம் இதை 'முள்செடி' என்று சொல்லிவைப்பதும் அதே தவறுதான். பட்டவுடன் அவர் முள்ளைத் தேடித் தேய்ப்பார். மயிர் இன்னும் உள்ளே போகும். தேய்க்கவோ சொறியவோ கூடாது. ஒட்டும் டேப்பைப் பட்ட இடத்தில் அழுத்தி உரித்தெடுத்துவிட்டு, சோப்புப் போட்டு நீரில் கழுவ வேண்டும்.

தோலுக்கும் மனதுக்கும் சேர்த்தே 'எரிச்சல்' என்ற சொல் நம்மிடம் இருக்கும்போது முள்ளுக்கு என்ன வேலை? 'அவன் அப்படிச் சொன்னதும் அவளுக்குச் சுருக்கென்றது.' இவ்வளவு போதும்.

நெட்டில்டு என்றால் கடுங்கோபம்

இல்லை. அதற்கு 'ஃப்யூரியஸ்' இருக்கிறது.

எல்லா இடத்திலும் காஞ்சொறி என்று போடுவது

சமவெளியில் காஞ்சொறி, செந்தட்டி என்பது ட்ராஜியா, ஆமணக்குக் குடும்பம். நெட்டில் வேறு குடும்பம். கதையில் யாரோ காலில் பட்டுத் துள்ளுகிறார் என்றால் காஞ்சொறி தாராளமாகப் போடலாம், படிப்பவருக்கு உடனே உறைக்கும். தாவரக் குறிப்பிலோ வனத்துறைப் பலகையிலோ போடக்கூடாது.

லத்தீனில் வேர் தேடுவது

நெட்டில் ஜெர்மானிய வழிச் சொல். பழைய ஆங்கிலத்தில் 'நெட்டெலெ', ஜெர்மனில் 'நெஸ்ஸல்'. லத்தீனில் அந்தச் செடிக்குப் பெயர் 'உர்ட்டிகா'. தோல் தடிப்புக்கு மருத்துவர் எழுதும் 'அர்ட்டிகேரியா' அதிலிருந்து வந்தது. நெட்டிலையும் உர்ட்டிகாவையும் ஒரே வேரில் கட்டக்கூடாது. நெட்டிலுக்கு மனதைச் சீண்டுவது என்ற பொருள் 16ஆம் நூற்றாண்டிலேயே ஆங்கிலத்தில் வழங்கியது.

'க்ராஸ்ப் த நெட்டில்' என்பதைச் செடியோடு பெயர்ப்பது

'துணிந்து இறங்கினார்' என்று எழுதினால் முடிந்தது. இங்கிலாந்து நெட்டிலை இறுக்கிப் பிடித்தால் மயிர் மடங்கிவிடும், கொட்டாது என்று அங்கே சொல்வதிலிருந்து வந்த வழக்கு அது. நீலகிரிச் செடியில் யாரும் சோதித்துப் பார்க்க வேண்டாம்.

'பீவ்' பழைய சொல் என்று குறிப்பு எழுதுவது

'பீவ்' என்றாலும் எரிச்சலூட்டுவதுதான். ஆனால் பழையது 'பீவிஷ்', அதாவது சிடுசிடுப்பான. அதன் வாலை நறுக்கி 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எடுத்ததுதான் 'பீவ்'. 19ஆம் நூற்றாண்டில் நடக்கும் கதையில் ஒரு பாத்திரம் அதைப் பேசினால், அது பிற்காலத்தவர் கையெழுத்து.