மெக்கானிக்கல் கீபோர்டு: வாங்கும்போதும் வாங்கிய பின்னும் செய்யக்கூடாத தவறுகள்

ஒரு மொழிபெயர்ப்பை அனுப்புவதற்கு முன் கடைசியாக ஒருமுறை படித்துப் பார்த்தேன். "பெட்டியை எடு" என்று இருக்க வேண்டிய இடத்தில் "பெட்டியை எட்டு" என்று இருந்தது. அடுத்த பக்கத்தில் பறவையின் கூடு "பறவையின் கூட்டு" ஆகியிருந்தது. கை தவறிவிட்டது என்றுதான் முதலில் நினைத்தேன். ஆனால் தவறு கீபோர்டில் இருந்தது. ட எழுத்துக்கான விசையை ஒருமுறை அழுத்தினால் இருமுறை பதிந்துகொண்டிருந்தது. நான் அடிப்பது தமிழ்99 என்ற தமிழ்த் தட்டச்சு முறையில். அதில் ஒரே உயிர்மெய்யை அடுத்தடுத்து இரண்டு தடவை அடித்தால் முதல் எழுத்துக்குப் புள்ளி தானாக விழும். எட்டு, கூட்டு இரண்டும் நல்ல தமிழ்ச் சொற்கள் என்பதால் பிழைதிருத்தியும் ஒன்றும் சொல்லவில்லை.

இந்தக் கோளாறுக்கு சாட்டரிங் என்று பெயர். மெக்கானிக்கல் கீபோர்டில் ஒவ்வொரு விசைக்கும் அடியில் தனி ஸ்விட்ச் உண்டு. அதற்குள் இரண்டு மெல்லிய உலோகத் தகடுகள் இருக்கின்றன. விசையை அழுத்தினால் அவை தொட்டுக்கொள்ளும். தொடும் அந்தக் கணத்தில் சில மில்லிவினாடிகளுக்கு ஒட்டியும் விலகியும் துள்ளும். துள்ளல் அடங்கும்வரை கீபோர்டில் உள்ள சிப் பொறுத்திருந்து, அதை ஒரே அழுத்தமாகக் கணக்கில் எடுத்துக்கொள்ளும். தகட்டில் தூசியோ களிம்போ ஏறிவிட்டால் துள்ளல் நீண்டு, ஒன்று இரண்டாகிவிடும். சாதாரண மெம்பிரேன் கீபோர்டில் மின்தொடர்பு பிளாஸ்டிக் தாள்களுக்கு இடையே மூடிக் கிடப்பதால் தூசி அவ்வளவு எளிதில் போகாது. மெக்கானிக்கலில் ஸ்விட்சின் தலை திறந்திருக்கிறது. கடற்கரை ஊர்களிலும், ஜன்னலைத் திறந்து வைத்து வேலை செய்யும் வீடுகளிலும் இது பெரிய வித்தியாசம்.

அதனால் பெட்டியில் போட்டிருக்கும் "5 கோடி அழுத்தங்கள்", "10 கோடி அழுத்தங்கள்" என்ற எண்ணைக் கீபோர்டின் ஆயுள் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். அது ஸ்விட்சின் ஆயுள் மட்டும். கேபிள், யூஎஸ்பி துளை, ஸ்பேஸ்பாருக்கு அடியில் இருக்கும் கம்பி எதுவும் அந்தக் கணக்கில் சேராது. வீட்டுத் தூசியும் சேராது.

விசை மக்கர் செய்தால், கதவுக் கீலுக்கு அடிக்கும் எண்ணெய் ஸ்பிரேயை எடுத்து அடிப்பவர்கள் இருக்கிறார்கள். தயவுசெய்து வேண்டாம். உள்ளே தங்கும் எண்ணெய் இன்னும் தூசியைப் பிடித்து வைக்கும், சில வகை பிளாஸ்டிக்கையும் கெடுக்கும். கேபிளைப் பிடுங்கிவிட்டு, கீகேப்பை (விசையின் மேல்மூடியை) கழற்றி, காற்றடித்துத் தூசியை வெளியேற்றுங்கள். அப்புறம் ஐசோபுரோப்பைல் ஆல்கஹால் ஒரு சொட்டு விட்டு, விசையைப் பல தடவை அழுத்தி, நன்றாக உலர்ந்த பிறகு இணைத்துப் பாருங்கள். அதற்கும் சரியாகவில்லை என்றால் ஸ்விட்சை மாற்றத்தான் வேண்டும்.

ஹாட்ஸ்வாப் வசதி பார்த்து வாங்கச் சொல்வது இதற்காகத்தான். அது இருந்தால் கெட்ட ஸ்விட்சை இடுக்கியால் பிடுங்கி, புதியதைச் செருகிவிடலாம். இல்லையென்றால் சால்டரிங் தெரிந்த ஒருவரைத் தேடிப் போக வேண்டும். ஹாட்ஸ்வாப்பிலும் கவனம் தேவை. ஸ்விட்சின் செம்புக் கால்கள் நேராக இருக்கின்றனவா என்று பார்க்காமல் அழுத்தினால் மடங்கிவிடும், பலமாக அழுத்தினால் போர்டின் பின்புறம் இருக்கும் சாக்கெட்டே பெயர்ந்துவிடும். 3 பின் போர்டில் 5 பின் ஸ்விட்ச் உட்காராது, கூடுதலாக உள்ள இரண்டு பிளாஸ்டிக் கால்களை வெட்ட வேண்டியிருக்கும். மலிவான சில போர்டுகளில் அவுட்டெமு என்ற நிறுவனத்தின் ஸ்விட்சின் மெல்லிய கால்களுக்கு மட்டுமே இடம் இருக்கும்.

வாங்கும்போது பலர் செய்யும் பெரிய தவறு, வீடியோவில் கேட்ட சத்தத்தை நம்பி முடிவெடுப்பது. அந்தச் சத்தத்தில் மைக், அறை, மேசை விரிப்பு எல்லாமே கலந்திருக்கிறது. இன்று சந்தையில் இருக்கும் பெரும்பாலான ஸ்விட்சுகளுக்கு முன்மாதிரி ஜெர்மனியின் செர்ரி நிறுவனத்தின் எம்எக்ஸ் ஸ்விட்ச். அதன் நீல வகையில் ஒவ்வொரு அழுத்தத்துக்கும் 'கிளிக்' சத்தம் உண்டு. சிவப்பு வகையில் கிளிக் கிடையாது, சுமார் 45 கிராம் அழுத்தம் போதும். நீலத்துக்கு அதைவிடக் கூடுதல் அழுத்தம் தேவை. இரண்டு அறை வீட்டில், குழந்தை தூங்கிய பிறகு வேலை செய்பவருக்கு நீலம் ஒத்துவராது. ஆன்லைன் மீட்டிங்கில் எதிர்முனையில் இருப்பவருக்கு உங்கள் குரலோடு அந்தக் கிளிக்கும் போகும். கீகேப்புக்கு அடியில் ரப்பர் வளையம் போட்டால் சத்தம் போய்விடும் என்பார்கள். விசை அடியில் மோதும் சத்தம்தான் குறையும். கிளிக் ஸ்விட்சுக்குள்ளிருந்து வருகிறது, அது அப்படியே இருக்கும். முடிந்தால் கடையில் உங்கள் விரலால் அடித்துப் பார்த்து வாங்குங்கள். இல்லையென்றால் ஓரிரு ஸ்விட்சை மட்டும் தனியாக வாங்கி அழுத்திப் பார்க்கலாம், செலவு அதிகம் ஆகாது.

எனக்கு மிகவும் கவலை தருவது மணிக்கட்டு. மெக்கானிக்கல் கீபோர்டின் முன்விளிம்பே பெரும்பாலும் 2 செ.மீ. உயரம் வரும். லேப்டாப்பில் பழகிய கை, மேசையில் மணிக்கட்டை ஊன்றியபடியே விரல்களை மேலே தூக்கி அடிக்கும். போதாததற்குப் பின்பக்கக் கால்களையும் விரித்து வைக்கிறோம். மணிக்கட்டு இன்னும் பின்னால் வளைகிறது. அந்தக் கால்களை மடக்கி வையுங்கள். முழங்கை கீபோர்டின் உயரத்துக்கு வரும்படி நாற்காலியை உயர்த்துங்கள். மணிக்கட்டுத் திண்டு, அடிப்பதை நிறுத்தி ஓய்வெடுக்கும்போது கை வைப்பதற்கு. அதில் ஊன்றியபடி டைப் செய்தால் அதுவும் அழுத்தம்தான். இன்னொன்று, சாதாரண எம்எக்ஸ் விசை 4 மி.மீ. இறங்கும், ஆனால் எழுத்து பாதி வழியிலேயே பதிந்துவிடும். அடிவரை குத்தத் தேவையில்லை. இந்தப் பழக்கம் வர எனக்கு ஒரு மாதம் ஆனது, விரல் நுனி வலி அதோடு போயிற்று.

அளவைப் பற்றியும் சொல்ல வேண்டும். மேசை அழகாக இருக்கும் என்று 60 சதவீதக் கீபோர்டை (எண் பகுதியும் அம்புக்குறி விசைகளும் இல்லாத சிறிய வகை) வாங்கினால் அம்புக்குறி விசைகளுக்கு எஃப்என் விசையைப் பிடித்துக்கொண்டு அடிக்க வேண்டும். நிறையத் திருத்தி எழுதுபவர்களுக்கு இது தொல்லை. அதைவிடச் சிறியதை வாங்குவதற்கு முன் தமிழ்99 பயன்படுத்துபவர்கள் அந்தக் கீபோர்டின் படத்தை நன்றாகப் பாருங்கள். ந அரைப்புள்ளி விசையில் இருக்கிறது, ய மேற்கோள் விசையில், ழ சாய்கோட்டில், ச, ஞ இரண்டும் பகர அடைப்பு விசைகளில். மிகச் சிறிய கீபோர்டுகளில் முதலில் காணாமல் போவது இந்த ஓரத்து விசைகள்தான்.

"மெக்கானிக்கல் ஃபீல்" என்று எழுதி விற்பது மெக்கானிக்கல் அல்ல, உள்ளே ரப்பர்தான். ஸ்விட்சின் பெயர் போடாத விளம்பரத்தைத் தாண்டிப் போய்விடுங்கள்.

கடைசியாக டீ. சிந்திவிட்டால் துடைக்கத் துணி தேடாதீர்கள், முதலில் கேபிளைப் பிடுங்குங்கள். உடனே கவிழ்த்துப் பிடியுங்கள். கீகேப்புகளைக் கழற்றி, ஓரிரு நாள் காற்றாட வையுங்கள். ஹேர் டிரையரின் சூட்டில் காட்டினால் பிளாஸ்டிக் வளைந்துவிடலாம். வெறும் தண்ணீர் என்றால் பெரும்பாலும் பிழைத்துக்கொள்ளும். சர்க்கரை போட்ட டீ உலர்ந்தாலும் உள்ளே பிசுபிசுப்பாக நிற்கும், அந்த ஸ்விட்சுகளை ஒவ்வொன்றாக எடுத்துக் கழுவவோ மாற்றவோ வேண்டும். என் மேசைக்குப் பக்கத்தில் இப்போது ஒரு சின்ன ஸ்டூல் இருக்கிறது. டம்ளர் அதில்தான் இருக்கும்.